தம்மாம் மாலில் ஒரு ஜப்பான் ஆறு

சவூதியின் தம்மாமில் வெயில் கொளுத்துகிறது. மாலின் இரண்டாம் மாடியில் ஜப்பானிய ஆறு ஒன்றின் மாதிரி மலையிலிருந்து கடல்வரை முப்பது அடி ஓடுகிறது. அசல் ஆறும் இப்படித்தான்: உச்சியில் பனி, செங்குத்தான இறக்கம், உடனே கடல். பொதுப்பணித் துறையில் ஆறுகளைக் கோப்பில் ஓட்டி ஓய்வுபெற்றவன் நான், நின்று பார்க்கிறேன்.

ஆனால் இன்று இந்த மாதிரி மலையில் பனியைக் காணோம். ஆற்றைப் பராமரிக்கும் பரமக்குடி முருகேசன் தலையில் கைவைத்து நிற்கிறார்.

"ஐஸ் மெஷின் படுத்துருச்சு சார். பனி இல்லேன்னா சூப்பர்வைசர் லீவு பேப்பர்ல கையெழுத்துப் போடமாட்டாரு. வெள்ளிக்கிழமை தங்கச்சி மகளுக்குக் காதுகுத்து. மடியில வைக்கவேண்டிய தாய்மாமனே நாந்தான்."

அவருடைய சோதனைப் படிவத்தை வாங்கிப் பார்க்கிறேன். முதல் கட்டம், மாதம்.

"செப்டம்பர்னு எழுதுங்க. அப்போ அந்த மலையில பனி இருக்காது."

"இது மே மாசம் சார்!"

"உங்களுக்கு மே. மலைக்கு எந்த மாசம்னுதான் கேட்டிருக்கான்."

எழுதுகிறார். ஹைதராபாத்காரரான சூப்பர்வைசர் வந்து, படிவத்தையும் மொட்டை மலையையும் ஒப்பிட்டுத் தலையாட்டுகிறார். பிறகு தாளைத் திருப்பி, பின்பக்கத்து மாதவாரிக் குறிப்பைப் படித்துவிட்டு இந்தியில் கேட்கிறார்: செப்டம்பர் என்றால் புயல் வெள்ளம் வரவேண்டுமே, அது எங்கே?

"யல்லா பாய், ஜல்தி!" என்று அரபியும் இந்தியும் கலந்து அவசரப்படுத்துகிறார்.

முருகேசன் என்னைப் பார்க்கிறார். நான் ஆற்றுக்கு நீர் ஏற்றும் பம்பைப் பார்க்கிறேன். அவர் அதை முழுதாகத் திறந்துவிடுகிறார். ஆறு கரைபுரண்டு பக்கத்துச் செருப்புக் கடைக்குள் புகுகிறது.

கணுக்கால் நீரில் நின்றபடி சூப்பர்வைசர் 'திருப்தி' என்ற கட்டத்தில் டிக் அடிக்கிறார். மிதந்துவரும் ஒற்றைச் செருப்பைக் காலால் ஒதுக்கிவிட்டு, லீவு பேப்பரில் கையெழுத்துப் போடுகிறார்.