‘எடுக்காதே’ என்று பெயர் வைத்த எண்கள்

டெல்மி பெயர் வைப்பதில் கெட்டிக்காரி. எல் ப்ரோக்ரெசோ பஸ் நிலையத்தில் அவள் கையால் பலேயாதா வாங்கித் தின்னாத டிரைவர் கிடையாது. ஆனால் அவர்களில் ஒருவருக்குக்கூட அவள் போனில் சொந்தப் பெயர் கிடையாது. ‘தேலா பஸ் வழுக்கை’, ‘க்ரீம் அதிகம்’, ‘மஞ்சள் பஸ் புளுகன்’, ‘பொண்டாட்டிக்கும் ஒண்ணு’. பஸ் ஊருக்குள் நுழையும்போதே போன் வரும். திரையில் ‘க்ரீம் அதிகம்’ என்று தெரிந்தால், ஹலோ சொல்வதற்கு முன்பே அவள் கை க்ரீம் பாத்திரத்துக்குப் போய்விடும். சூடான ரொட்டியில் பீன்ஸைத் தடவி, க்ரீம் ஊற்றி, சீஸ் தூவி மடித்து வைத்திருப்பாள். பஸ் வந்து நிற்கும்.

அந்தப் போனில் எல்லாவற்றையும் விட அதிகமாக இருந்த பெயர் ‘எடுக்காதே’. ‘எடுக்காதே அழுகிறவன்’, ‘எடுக்காதே போலீஸ்னு சொல்றவன்’, ‘எடுக்காதே நாயே’. இதில் அவளைக் கேலி செய்ய ஒன்றுமில்லை. அந்த ஊரில் யார் போனைத் திறந்தாலும் இப்படி நாலைந்து கிடக்கும். பிள்ளைகளை எல்லை தாண்டி வடக்கே பிழைக்க அனுப்பிவிட்டு உட்கார்ந்திருக்கும் தாய்மார்களைத் தேடிப்பிடித்து, “உன் மக எங்ககிட்ட இருக்கா, பணம் அனுப்பு” என்று மிரட்டிப் பிழைக்கிறவர்கள் இருக்கிறார்கள். டெல்மியின் மகள் இங்ரிட் எல்லை தாண்டிப்போன சமயத்தில் அப்படி ஒரு அழைப்பு வந்தது. பின்னால் ஒரு பெண் குரல் “அம்மா, அம்மா” என்று கதறியது. குளிர்சாதனப் பெட்டிக்கென்று சேர்த்து வைத்ததை அப்படியே அனுப்பிவிட்டாள் டெல்மி. இங்ரிட் அந்நேரம் ஹூஸ்டனில் ஒரு தோழி வீட்டில் நிம்மதியாகத் தூங்கிக்கொண்டிருந்தாள். காசு போனதைக்கூட டெல்மி மறந்துவிட்டாள். எவளோ ஒருத்தியின் போலி அழுகையைத் தன் மகளின் அழுகை என்று நம்பினாளே, அதுதான் இன்றைக்கும் அவளுக்கு ஆறவில்லை.

அதற்குப் பிறகு வந்த பழக்கம் இது. தெரியாத எண் வந்தால் வெட்டுவாள். மறுபடி வந்தால் மறுபடி வெட்டுவாள். மூன்றாவது தடவை வந்தால் ‘எடுக்காதே’ என்று பெயர் வைத்துவிடுவாள். அந்தப் பெயரில் எந்த எண்ணைச் சேமித்தாலும் மணியே அடிக்காதபடி செய்து கொடுத்தது நொஎமி.

நொஎமி அதே பஸ் நிலையத்தில் போன் ரிப்பேர் கடை வைத்திருப்பவள். டெல்மியின் மகன் ஒஸ்மினுக்கு ஞானஸ்நானத்தில் ஞானத்தாயாக நின்றவள். அந்த உறவில் இருவரும் ஒருவரை ஒருவர் ‘கொமாத்ரே’ என்றுதான் கூப்பிடுவார்கள். “இனிமே இவனுங்க தொண்டை கிழியக் கத்தினாலும் உன் காதுல விழாது கொமாத்ரே,” என்று சொல்லி அவள் போனைத் திருப்பிக் கொடுத்தபோது டெல்மிக்கு ஏதோ வாசலுக்குப் புதிதாகப் பூட்டு போட்ட மாதிரி இருந்தது. பஸ் நிலையத்துப் பெண்கள் எல்லாருக்கும் அதைச் செய்துகொள்ளச் சொல்லி ஊரெல்லாம் பீற்றிக்கொண்டாள்.

ஒஸ்மினும் கிளம்பினான். இருபத்திரண்டு வயது, கட்டட வேலை, அதிலும் பாதி நாள் வேலை இல்லை. போகாதே என்று டெல்மி எத்தனையோ விதமாகச் சொல்லிப் பார்த்தாள். கடைசியில் வாய் கெட்டுப்போய், “போறதுன்னா போ. ஆனா அங்கேருந்து அழுதுக்கிட்டு எனக்குப் போன் பண்ணாதே, நான் எடுக்க மாட்டேன்,” என்றாள். அவன் சிரித்தான். “நீ எடுக்காட்டியும் விடாம பண்ணுவேன். பேர் தெரியாத நம்பர எடுத்து மறுபடி ஏமாந்துடாதே. நான் என் நம்பர்லேருந்துதான் பேசுவேன்,” என்று சொல்லிவிட்டுப் போனான். சொன்னபடி தினமும் பேசினான். குவாதமாலா தாண்டி, மெக்சிகோவுக்குள் போய், வெராக்ரூஸ் பக்கம் சரக்கு ரயிலில் தொற்றி ஏறக் காத்திருப்பதாகச் சொன்னான். அதோடு சரி.

அவன் பேசாத முதல் நாள் அவள் பதறவில்லை. ரயிலில் இருப்பான், போனில் சார்ஜ் இருக்காது என்று நினைத்தாள். அன்று மதியம், மூன்று பஸ் ஒன்றாக வந்து நின்ற நெரிசலில், ஒரு மெக்சிகோ எண் கூப்பிட்டது. வெட்டினாள். திரும்பவும் கூப்பிட்டது. திரும்பவும் வெட்டினாள். மூன்றாவது முறை, மாவு ஒட்டிய விரலோடு ‘எடுக்காதே மெக்சிகோ’ என்று பெயர் வைத்துவிட்டு அடுப்பைத் திரும்பிப் பார்த்தாள்.

வாரம் ஒன்று கடந்தும் அவனிடமிருந்து போன் வரவில்லை. அன்றிலிருந்து பழக்கத்தை மாற்றிக்கொண்டாள். பெயர் தெரியாத எண் எது வந்தாலும் முதல் மணியிலேயே எடுத்தாள். இங்ரிட் தம்பியின் படத்தை முகநூலில் போட்டு அம்மாவின் எண்ணையும் கொடுத்ததும், பிணத்தைக் கண்ட கழுகு மாதிரி மிரட்டல்காரர்கள் வந்து மொய்த்தார்கள். டெல்மி ஒவ்வொருவனிடமும் ஒரே கேள்வி கேட்பாள்: “அவன் சின்னப்பிள்ளையா இருக்கும்போது வளத்த ஆட்டுக்கு என்ன பேரு?” திணறுவார்கள். போனை வைத்துவிட்டு, அந்த எண்ணுக்கும் பெயர் வைப்பாள். ஏற்கெனவே பெயர் வைத்த எண்களைப் பற்றி அவள் நினைத்துக்கூடப் பார்க்கவில்லை. அவர்கள்தான் திருடர்கள் என்று தெரியுமே.

வழிப்போக்கர்கள் தங்கும் விடுதிகளின் எண்களை ஒரு தேவாலயத்தில் வாங்கி அனுப்பினாள் இங்ரிட். டெல்மி எல்லாவற்றையும் சேமித்து ஒவ்வொன்றாகக் கூப்பிட்டாள். அப்படி யாரும் வரவில்லை என்றார்கள். கன்னியாஸ்திரீகள் நடத்துவது என்பதால் ‘ரயிலடி சிஸ்டர் வீடு’ என்று சேமித்த ஒன்று மட்டும் போகவே இல்லை. இந்த எண் தவறானது என்று ஒரு பதிவுக் குரல் திரும்பத் திரும்பச் சொன்னது.

இப்படியே மூன்று மாதம் போனது. பழைய போனின் பேட்டரி உப்பி முதுகு பிளந்துகொண்டது. பேசிக்கொண்டிருக்கும்போதே செத்துப்போகும். இங்ரிட் ஹூஸ்டனிலிருந்து சாமான் கொண்டுவருகிறவரிடம் ஒரு ஐபோனைக் கொடுத்தனுப்பினாள். அதைத் தொடவே டெல்மிக்குப் பயம். பழையதில் ஒஸ்மினின் குரல் பதிவுகள் இருந்தன. புதியதில் போட்டு அவை தொலைந்துவிட்டால்? அதற்காகவே இரண்டு வாரம் அதைப் பெட்டியோடு அலமாரியில் வைத்திருந்தாள். ஒருநாள் அழைப்பு வரும்போதே பழையது அணைந்துபோனது. யார் கூப்பிட்டார்கள் என்றே தெரியவில்லை. அடுப்பை அணைத்துவிட்டு நேராக நொஎமியிடம் போனாள்.

“ஒரு எண் தொலைஞ்சாலும் உன்னை உசுரோட விடமாட்டேன் கொமாத்ரே.”

“வந்ததும் மிரட்டாதே. நீ சேமிச்சு வச்சிருக்கற லட்சணத்துக்கு நான்தான் உன்னை அடிக்கணும். பாதி சிம்முல, பாதி போன்ல, மீதி எங்கேயோ. இதெல்லாம் ஒழுங்கா வந்து சேர்றதுக்கு நான் மெழுகுவத்தி ஏத்தணும்.”

“குரல் வருமா?”

“அதுவும் வரும். கொஞ்சம் பொறு. அந்த ஸ்டூல்ல உக்காரு. என் கழுத்துல மூச்சு விடாதே.”

இரண்டு போன்களும் அடுத்தடுத்து கிடந்தன. நொஎமி எதையோ அழுத்தி, காத்திருந்து, மறுபடி அழுத்தினாள். பெயர்கள் வந்தன. ‘வழுக்கை’ இரண்டு தடவை, ‘க்ரீம் அதிகம்’ மூன்று தடவை, எல்லாமே இரட்டிப்பாக வந்து குவிந்தன. வாட்ஸ்அப் கடைசியாக வந்தது. ஒரு பதிவைத் தட்டிப் பார்த்தாள் நொஎமி. “அம்மா, இங்க குளிரு, ஆனா சோறு பரவால்ல,” என்றான் ஒஸ்மின். டெல்மி எழுந்து வெளியே போய் மூக்கைச் சிந்திவிட்டு வந்தாள்.

“எல்லாம் வந்துடுச்சு,” என்றாள் நொஎமி. “இரட்டையா வந்ததை மட்டும் எடுத்துடுறேன். இந்த மெக்சிகோ எண்கள்ல நாட்டு நம்பருக்கு அடுத்தாப்பல ஒரு ஒண்ணு போட்டிருக்கே, அது பழைய காலத்து வழக்கம். இப்ப அது வேண்டாம். அது இருந்தா சில நம்பருக்குப் போகாது. யார் கொடுத்தது இதெல்லாம்?”

“இங்ரிட் அனுப்பினா. ஏதோ பழைய லிஸ்ட்.”

நொஎமி விடுதிகளின் எண்களிலிருந்து அந்த ஒன்றை ஒவ்வொன்றாக அழித்தாள். ‘ரயிலடி சிஸ்டர் வீடு’ என்பதிலும் அழித்தாள். இரட்டை இருக்கிறதா என்று பார்ப்பதற்காக அந்த எண்ணைத் தேடும் இடத்தில் அடித்தாள். திரையில் இரண்டு பெயர்கள் வந்தன. ஆனால் இரண்டும் ஒரே பெயர் இல்லை.

அவள் கை அப்படியே நின்றது.

“என்னது?” என்றாள் டெல்மி. நொஎமி ஸ்டூல் பக்கம் போனைத் திருப்பினாள். டெல்மி எட்டிப் பார்த்தாள். மேலே ‘ரயிலடி சிஸ்டர் வீடு’. கீழே ‘எடுக்காதே மெக்சிகோ’. ஒரே எண்.

“அழிச்சுட்டியா? மாத்திப் போட்டுட்டியா?”

“இல்ல கொமாத்ரே. நான் ஒண்ணும் மாத்தல. அந்த ஒண்ணு இருந்ததுனால பழைய போனுக்கு ரெண்டும் வேற வேற நம்பரா தெரிஞ்சிருக்கு.” நொஎமி பழைய போனை எடுத்து, வந்த அழைப்புகளின் வரிசையைத் திறந்து, அந்தப் பெயரைத் தட்டினாள். எடுக்காத அழைப்புகள் விரலால் தள்ளத் தள்ள வந்துகொண்டே இருந்தன. காலையில், மதியத்தில், ஞாயிற்றுக்கிழமை பூசை நேரத்தில். ஒன்றுக்கும் மணி அடித்ததில்லை. “நான்தானே சத்தத்தை அமத்தினேன்,” என்றாள் நொஎமி. 

டெல்மி அவளைத் திட்டவில்லை. “கூப்பிடு,” என்றாள்.

எடுத்தது வயதான ஒரு பெண்மணி. சிஸ்டர் ஒஃபேலியா என்றாள். டெல்மி தன் பெயரைச் சொன்னாள்.

“ஒஸ்மினோட அம்மாவா? எத்தனை தடவைம்மா உங்களுக்குக் கூப்பிட்டோம்!”

“அவன் இருக்கானா சிஸ்டர்? உசுரோட இருக்கானா?”

“இருந்தான்மா. ரயில்லேருந்து விழுந்து கால் முறிஞ்சு வந்தான். போனும் போயிடுச்சு. மனசுல இருந்த ஒரே நம்பர் உங்களோடதுதான், அதைத்தான் சொன்னான். முதல் நாளே கூப்பிட்டோம். அப்புறம் அவனே தினமும் உக்காந்து கூப்பிடுவான். ‘எங்கம்மா எடுக்க மாட்டா சிஸ்டர், தெரியாத நம்பர்னா அவளுக்கு ஆகாது, ரொம்ப உஷார்’னு ஆரம்பத்துல சிரிப்பான்.”

“அப்புறம்?”

“அப்புறம் சிரிக்கறதை நிறுத்திட்டான்.”

டெல்மி சுவரில் சாய்ந்துகொண்டாள். நொஎமி அவள் தோளைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

“இப்ப எங்க இருக்கான்?”

“போன மாசமே கிளம்பிட்டாம்மா. கால் சரியாகறதுக்கு முன்னாடியே. தடி ஊனிக்கிட்டு. வடக்கேன்னு சொன்னான். அவன்கிட்ட போன் இல்ல. வழியில ஏதாவது ஆச்சுன்னா வீட்டுல யார்கிட்ட சொல்லணும்னு எல்லார்கிட்டயும் கேட்போம். அவன்கிட்டயும் கேட்டேன்.” சிஸ்டர் நிறுத்தினாள். சொல்வதா வேண்டாமா என்று தயங்கினாள்.

“சொல்லுங்க சிஸ்டர்.”

“‘யாரும் வேண்டாம் சிஸ்டர். எங்கம்மா கோவத்துல சொன்னான்னு நெனச்சேன். நெசமாத்தான் சொல்லியிருக்கா’ன்னான்.”

  தான் எடுக்க மாட்டேன் என்று சொன்னது உண்மையே இல்லை என்று இனி யாரிடம் சொல்வது? அவன் வந்தால் அம்மா கூப்பிட்டாள் என்று சொல்லுங்கள் என்று டெல்மி சிஸ்டரிடம் மூன்று தடவை சொன்னாள். மறுபடி அந்தப் பக்கம் வரமாட்டான் என்று சிஸ்டருக்கும் தெரியும். ஆனாலும் சரி, சரி என்றாள்.

அன்றைக்கே டெல்மி ‘எடுக்காதே’ என்ற பெயர்களை எல்லாம் புதிய போனிலிருந்து அழிக்கச் சொன்னாள். இவனுங்க மறுபடி மொய்ப்பாங்களே என்று நொஎமி அழுதுகொண்டே சொல்லிப் பார்த்தாள். டெல்மி கேட்கவில்லை.

இப்போதும் பஸ் நிலையத்தில் அவள் பலேயாதா போடுகிறாள். எந்த எண் வந்தாலும் மாவுக் கையோடு எடுக்கிறாள். ஆட்டின் பெயரைக் கேட்பதை நிறுத்திவிட்டாள். “உன் மகன் எங்ககிட்ட இருக்கான்,” என்று எவனாவது உறுமினால், “அப்படியா? கால் எப்படி இருக்கு அவனுக்கு?” என்று கேட்கிறாள். “சாப்பிட்டானா? கொஞ்சம் போனை அவன்கிட்ட குடுப்பா, அம்மா எடுத்துட்டான்னு மட்டும் சொல்லிடு, உனக்குப் புண்ணியமாப் போகும்.” அந்தக் குரலைக் கேட்டு இப்போதெல்லாம் அவர்கள்தான் முதலில் போனை வைத்துவிடுகிறார்கள்.