தங்கை ஒளித்து வைத்த ஸ்கேட்போர்டு

என் தங்கைக்கு ஸ்கேட்போர்டுதான் தொழில். இரண்டு முழத்துக்குக் கொஞ்சம் குறைவான ஒரு பலகை, அடியில் நான்கு சின்னச் சக்கரம், அவ்வளவுதான். அதன் மேல் நின்றுகொண்டே அவள் சம்பாதிக்கிறாள். போட்டிக்குப் போட்டி விமானம் ஏறுகிறாள். ஷூ கம்பெனிக்காரர்கள் அவளுக்குச் சும்மாவே ஷூ கொடுத்து, அதைப் போட்டுக்கொள்வதற்குப் பணமும் கொடுக்கிறார்கள். சின்ன வயதில் எங்கள் வீட்டில் ஒரு ஜோடி ஷூ கிழிவதற்குள் இரண்டு பேர் கால் மாறிவிடும்! அதனால் இதைக் கேட்டால் எனக்கு இன்னும் சிரிப்பு வரும்.

அவள் அந்தரத்தில் திரும்புவதை டிவியில் பார்த்து என் மகள் வாயைப் பிளக்கிறாள். நான் முதன்முதலாக அப்படி வாயைப் பிளந்தது பதினான்கு வயதில், ஓர் ஆயுத பூஜை அன்று.

மயிலாப்பூர் குளத்துக்குப் பின்னால் ஒரு சந்தில் எங்கள் அப்பாவுக்கு ஸ்கூட்டர் மெக்கானிக் கடை. அப்பாவை நாங்கள் நைனா என்றுதான் கூப்பிடுவோம். ஒரு வாடிக்கையாளர் கடையில் வீசிவிட்டுப் போன ஸ்கேட்போர்டுக்கு நைனா புது பேரிங் போட்டுத் தங்கையிடம் கொடுத்தார். அவளுக்கு அப்போது பத்து வயது. பால் வாங்கக்கூட அதில்தான் போவாள்.

ஆயுத பூஜைக்கு முதல் நாள் நைனா எல்லாக் கருவிகளையும் மண்ணெண்ணெயில் கழுவித் துடைப்பார். எங்கள் சைக்கிள், அம்மாவின் தையல் மெஷின் என்று வீட்டில் சுற்றுகிற எதையும் விடமாட்டார். நட்டு போல்ட்டை முடுக்கி, எண்ணெய் விட்டு, பொட்டு வைத்து, சாமி படத்துக்கு முன்னால் அடுக்குவார். அடுக்கிவிட்டால் பூஜைக்கு மறுநாள் காலை வரை எந்தக் கருவியையும் தொடமாட்டார். சொந்தக் கருவி, அடுத்தவர் கருவி என்ற கணக்கெல்லாம் கிடையாது. ஒரு வருஷம் ஸ்கூட்டரைத் தள்ளிக்கொண்டு வேர்த்து வழிந்து வந்த டாக்டருக்கே, "நாளைக்கு வாங்க சார்" என்று கைகூப்பிவிட்டார்.

அந்த வருஷம் பூஜையன்று மாலை, திருவான்மியூர் கடற்கரைப் பக்கம் புதிதாகக் கட்டிய சறுக்குப் பள்ளத்தில், பெங்களூர் மாஸ்டர் ஒருவர் இரண்டு பிள்ளைகளைத் தேர்வு செய்து இலவசமாகப் பழக்கப்போகிறார் என்று தங்கை கேள்விப்பட்டிருந்தாள். பலகை பூஜைக்குப் போனால் மறுநாள்தான் கைக்கு வரும். எனவே முதல் நாளே அதை அரிசி டிரம்முக்குப் பின்னால் ஒளித்துவிட்டாள்.

"உன் வண்டி எங்கடி?" என்று நைனா கேட்டார்.

"ஃப்ரெண்டு வூட்ல கீது நைனா."

நானும் பலமாகத் தலையாட்டினேன்.

மறுநாள் பூஜை முடிந்து பொரி சாப்பிடும்போது அவள் கிண்ணத்தைத் தள்ளி வைத்தாள். அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். "பொய் சொன்னியா?" என்று நைனா ஒரே ஒரு தடவை கேட்டார். பிறகு சட்டையை மாட்டிக்கொண்டார். எங்கள் ஸ்கூட்டர் மாலையும் சந்தனமுமாகப் பூஜையில் நின்றது. பலகையோடு மூன்று பேரும் திருவான்மியூருக்குப் பஸ்ஸில் போனோம்.

அந்தப் பள்ளம் சிமெண்டில் செய்த ராட்சசக் கிண்ணம் மாதிரி இருந்தது. விளிம்பிலிருந்து எட்டிப் பார்த்துவிட்டு நான் இரண்டடி பின்னால் நகர்ந்துகொண்டேன். பத்துப் பன்னிரண்டு பையன்கள் நின்றார்கள். பெண் இவள் ஒருத்திதான். ஆளுக்கு இரண்டு வாய்ப்பு என்றார் மாஸ்டர்.

முதல் தடவை பாதிகூட இறங்கவில்லை. பலகை ஒரு பக்கம் ஓடியது, இவள் ஒரு பக்கம் உருண்டாள்.

"மச்சி, பாப்பா பஞ்சர்!" என்று ஒரு பையன் கத்த, எல்லோரும் சிரித்தார்கள்.

முழங்காலில் ரத்தத்தோடு அவள் ஏறி வந்தாள். "சக்கரம் ஆடுது நைனா."

நைனா பலகையைத் திருப்பி, சக்கரத்தை இரண்டு விரலால் பிடித்து அசைத்தார். "நட்டு லூஸ். நேத்து என் கைக்கு வந்திருந்தா முடுக்கியிருப்பேன்."

அவள் தலை தொங்கிவிட்டது. மாஸ்டர் ஒரு ஸ்பேனரை நீட்டினார். நைனாவின் கைகள் முதுகுக்குப் பின்னால் போய்விட்டன.

"குடு அங்கிள், நான் டைட் பண்றேன்" என்று அதே பையன் வாங்கி, பல்லைக் கடித்துக்கொண்டு முடுக்கினான். முடுக்கின முடுக்கில் சக்கரம் சுற்றவே மறுத்தது. "பாப்பா, நீதான் அடுத்து" என்று மாஸ்டர் கூப்பிட்டார். நான் ஸ்பேனருக்குக் கை நீட்டினேன்.

"இருடா. என் பொண்ணு ஏறப்போற வண்டி அது."

நைனா ஸ்பேனரை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். நட்டை முழுக்கத் தளர்த்தினார், மெதுவாக முடுக்கினார், ஒரு மயிரிழை பின்னால் விட்டார். பிறகு விரலால் சக்கரத்தைச் சுண்டி, காதை அருகில் வைத்துக் கேட்டார். அது சத்தமே இல்லாமல் சுற்றிக்கொண்டிருந்தது.

"போ" என்றார்.

தங்கை விளிம்பில் நின்றாள். முன்காலை அழுத்தினாள். ஐயோ என்று நான் நினைத்து முடிப்பதற்குள் அடியில் இருந்தாள், அடுத்த நொடி எதிர்ச்சுவரில் ஏறிக்கொண்டிருந்தாள். உச்சியில், விளிம்புக்கும் மேலே, பலகையும் அவளும் ஒரு கணம் எதிலும் ஒட்டாமல் நின்றார்கள். அவள் பின்னலும் நின்றது. எங்கள் வீட்டுக் குழாயடியில் என்னோடு வாளிக்குச் சண்டை போடுகிற பெண்ணா இது? உடம்பை ஒரு திருப்புத் திருப்பி இறங்கி வந்தாள். யாரும் சிரிக்கவில்லை. பஞ்சர் என்று கத்தின பையன்தான் முதலில் கை தட்டினான்.

மாஸ்டர் தேர்ந்தெடுத்த இரண்டு பேரில் அவளும் ஒருத்தி. பஸ்ஸில் வழி முழுக்க அவள் வாய் ஓயவில்லை. நைனா வலது கையை மடியில் மல்லாத்தி வைத்து அதையே பார்த்துக்கொண்டு வந்தார்.

"கை வலிக்குதா நைனா?"

"இல்லடா."

வீட்டுக்கு வந்ததும் அந்தக் கையைத் திரும்பத் திரும்பக் கழுவினார். சாமி படம் இருந்த அறை வாசல் வரைக்கும் போனார், உள்ளே நுழையாமல் திரும்பி வந்து மறுபடியும் கழுவினார். அந்த ஸ்பேனரில் கிரீஸ் நிறைய இருந்திருக்கும்போல என்று நினைத்து, நான் ஓடிப்போய் சோப்பு எடுத்துக் கொடுத்தேன்.