இரண்டு வீட்டுக்கும் ஒரே ஆலோசனை

பொய் எழுதியது நீங்கள்தான், அண்ணை. கீழ்வீட்டுக்காரனுக்கும் எழுதினீர்கள், எனக்கும் எழுதினீர்கள்.

எண்பதுகளின் நடுப்பகுதி. சுவிற்சர்லாந்தின் ஷாஃப்ஹவுசனில் ஒரு பழைய மாடிக் கட்டடம். மேலே நானும் மனைவியும். கீழே, யாழ்ப்பாணத்திலிருந்தே வந்த இன்னொரு குடும்பம். இரண்டு வீட்டுக்கும் அகதி விண்ணப்பத்தின் முடிவு வரவில்லை. பொலிசில் பெயர் அடிபட்டால் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று பயந்து பயந்து இருந்தோம். ஊரில் ஷெல் விழுந்துகொண்டிருந்த காலம்.

சண்டை தொடங்கியது நிலவறையில். இந்த நாட்டில் நிலவறையிலுள்ள பொது மெஷினில் உடுப்புத் தோய்க்க ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு நாள். அந்த நாள் முடியுமுன் கொடியையும் காலியாக்க வேண்டும். பனிக்காலத்தில் மனைவியின் சீலைகள் காயவில்லை. மறுநாள் கீழ்வீட்டாரின் முறை. அவன் சீலைகளை இழுத்து ஈரத்தோடு நிலத்தில் போட்டுவிட்டான்.

படியில் வைத்துக் கத்தினேன். "இன்னொருக்காச் சீலையிலை கை வைச்சியெண்டால் காலை முறிச்சுப்போடுவன்!"

"முறியுமன் பாப்பம்! எல்லாக் கொடியிலையும் உங்கடை சீலை. நாங்கள் என்ன தலையிலையோ காயப்போடுறது?"

ஊரில் வேலிக்கு வேலி கேட்கிற பேச்சுத்தான். ஆனால் அடுத்த கிழமை பொலிஸ் என்னைக் கூப்பிட்டது. கொலை மிரட்டல் என்று அவன் முறைப்பாடு கொடுத்திருந்தான். மனைவி சாப்பாட்டைத் தொடவில்லை.

அப்போதுதான் நீங்கள் வந்தீர்கள். எங்களுக்குள் ஜெர்மன் எழுதத் தெரிந்தவர் நீங்கள் ஒருவர்தான்.

"அவன் போட்டால் நீரும் போடும். ஊரிலை ஒருத்தன் பொலிசிலை என்ட்ரி போட்டால் மற்றவனும் போடுறதுதானே? பிறகு ரண்டும் சமாதானமாப் போயிடும்."

"இஞ்சை அப்பிடிச் சரிவருமோ, அண்ணை?"

"இந்த நாட்டைப் பற்றி உமக்கென்ன தெரியும்? சும்மா இரும்."

நான் நடந்ததைத்தான் சொன்னேன். கொடியில் கிடந்த சீலையை அவன் இழுத்தான் என்றேன். நீங்கள் எழுதி நீட்டினீர்கள். வாசிக்கத் தெரியாமலே கையெழுத்து வைத்தேன்.

விசாரணை நீதிபதி எங்கள் இருவரையும் ஒன்றாகக் கூப்பிட்டார். மொழிபெயர்க்க வெளியூரிலிருந்து ஒரு தமிழ்ப் பெண் வந்திருந்தார். என் முறைப்பாட்டை அவர் தமிழில் வாசித்தபோதுதான் நீங்கள் எழுதியது என்னவென்று எனக்குத் தெரிந்தது. என் மனைவி உடுத்திருந்த சீலையை அவன் பிடித்து இழுத்தானாம்!

"ஐயோ, நான் அப்பிடிப்பட்டவன் இல்லை!" அவன் கதிரையை விட்டு எழும்பிவிட்டான்.

"இல்லை, இல்லை. கொடியிலை கிடந்த சீலை. நான் அப்பிடிச் சொல்லேல்லை" என்றேன்.

நீதிபதி அவன் பக்கம் திரும்பினார். கொல்லுவேன் என்று நான் சொன்னேனா என்று கேட்டார். அவன் தலையைக் குனிந்தான்.

"காலை முறிப்பன் எண்டுதான் சொன்னவர். அண்ணைதான் அப்பிடி எழுதினவர். இவர் என்னிலை கேஸ் போடப்போறார், நீ முந்து எண்டும் அவர்தான் சொன்னவர்."

நான் கேஸ் போட நினைக்கவே இல்லை. உங்கள் வாயிலிருந்து வரும்வரை அந்த எண்ணமே என்னிடம் இல்லை.

ஒருவரை ஒருவர் பழிவாங்கக் கொடுத்த முறைப்பாடுகள் என்று நீதிபதி இரண்டையும் தள்ளுபடி செய்தார். பொய்யென்று தெரிந்தும் பிடிவாதமாக நின்றிருந்தால் அதுவே குற்றம், வழக்கு எங்கள் மேல் திரும்பியிருக்கும் என்றார். அதற்குப் பிறகு எங்கள் விண்ணப்பங்களை யார் பார்த்திருப்பார்கள்?

வாசலில் அவன் மெதுவாகச் சொன்னான். "உங்கடை மனிசியிட்டைச் சொல்லுங்கோ, நான் அப்பிடி இல்லையெண்டு."

நேரே உங்கள் வீட்டுக்கு வந்தேன். நீங்கள் சிரித்தீர்கள்.

"அதுதான் தள்ளுபடியாப் போச்சே. இனியேன் துள்ளுறீர்?"

எங்கள் ஆட்களின் கூட்டங்களில் இன்றைக்கும் முன்வரிசையில் இருக்கிறீர்கள். அடுத்த கூட்டத்தில் எழும்பி நில்லுங்கள். என் மனைவியும் அவன் மனைவியும் சபையில் இருப்பார்கள். இரண்டு குடும்பத்தை ஏன் மோதவிட்டீர்கள்? ஒரு பெண்ணின் உடம்பில் கை வைத்ததாக ஏன் எழுதினீர்கள்? வீட்டுக்கு வந்து காதுக்குள் சொல்லவேண்டாம். எல்லாருக்கும் கேட்கச் சொல்லுங்கள்.