நீதிமன்றத்தில் அழாதவள்

பாரிஸில் தமிழர் கடைகள் நிறைந்த லாச்சப்பலில், கறிச்சாமான் கடையொன்றுக்கு மேலே நாலாம் மாடி வீட்டில் இருந்துகொண்டு, நானூறு ஆண்டுப் பழைய சீனக் கதையொன்றைப் பிரெஞ்சுத் தொலைக்காட்சிக்குத் தொடராக எழுதினாள் சுபாங்கி.

அவளுடைய தகப்பன் இராஜதுரை பெல்வில்லில் ஒரு சீன உணவகத்தில் கோப்பை கழுவியவர். பள்ளிக்கூடம் இல்லாத புதன்கிழமைகளில் மகளையும் கூட்டிக்கொண்டு போவார். மூலை மேசையில் இருந்து உணவுப் பட்டியலின் எழுத்துகளைப் பார்த்து வரைந்தவள், பல்கலைக்கழகத்திலும் சீனத்தையே எடுத்தாள்.

"கணக்கியலை விட்டிட்டு உதென்ன படிப்பு?" என்று சொந்தக்காரர் கேட்டார்கள்.

"அவளுக்குப் பிடிச்சிருக்கு" என்பதோடு இராஜதுரை பேச்சை முடித்துவிடுவார்.

பன்னிரண்டு வருடம் சீனப் படங்களுக்குத் திரையின் அடியில் ஓடும் வசனவரியைப் பிரெஞ்சில் எழுதிய பிறகுதான் இந்தத் தொடர் அவள் கைக்கு வந்தது.

கதையில் ஒரு நெசவாளியின் விதவை. பொய்யான கொலைவழக்கில் கணவனுக்கு மரணதண்டனை கொடுத்த நீதிபதியின் முன்னாலேயே போய் நிற்கிறாள். அந்தப் பகுதியைப் படித்த தயாரிப்பாளர் மரி-கிளேர் மறுப்பாகத் தலையை ஆட்டினார்.

"இங்கே அவள் அழவேண்டும், சுபாங்கி. இல்லாவிட்டால் பார்ப்பவர்களுக்கு இரக்கம் வராது."

"மூலத்தில் அவள் அழவே இல்லை. கேள்விதான் கேட்கிறாள்."

"அது அந்தக் காலத்து வாசகர்களுக்கு. வெள்ளிக்கிழமைக்குள் மாற்றித் தாருங்கள்."

சுபாங்கி வீட்டுக்கு வந்து அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்ப வாசித்தாள். பதினொரு வயதில், வதிவிட அட்டை விடயமாகத் தகப்பனோடு ஓர் அலுவலகத்தில் நின்றது நினைவுக்கு வந்தது. அவள்தான் மொழிபெயர்ப்பு. "கொஞ்சம் அழு பிள்ளை, இரங்குவாங்கள்" என்றார் கூட வந்தவர். இராஜதுரை மறித்தார்: "அழவேண்டாம். நான் சொல்லுறதை ஒண்டும் விடாமல் சொல்லு." அவள் சொன்னாள். கடைசியில் கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் இருந்த அலுவலகப் பெண்தான் பார்வையைத் தாழ்த்தினாள்.

வெள்ளிக்கிழமை அவள் கொண்டுபோன காட்சியில் கண்ணீர் இல்லை. முன்பு எழுதியிருந்த நீண்ட பேச்சும் இல்லை. விதவை மூன்றே கேள்விகள் கேட்கிறாள். எந்த நாள்? யார் சாட்சி? கத்தி எங்கே? முதல் இரண்டுக்கும் நீதிபதி பதில் சொல்கிறார். மூன்றாவதுக்கு அவரிடம் பதில் இல்லை.

சுபாங்கி அதைச் சத்தமாக வாசித்தாள். மரி-கிளேர் இன்னொருமுறை வாசிக்கச் சொன்னார். பிறகு, "ஒரு சொல்லையும் மாற்றவேண்டாம்" என்றார்.

போன இலையுதிர் காலத்தில் தொடர் ஒளிபரப்பானது. இராஜதுரைக்குத் தெரிந்தது சமையலறைப் பிரெஞ்சுதான். ஆனாலும் அந்தக் காட்சி வந்தபோது கதிரை நுனிக்கு வந்துவிட்டார்.

"நீதவான் வாய் திறக்கேல்லை, கண்டியே!"

அடுத்தநாள் மகளோடு கீழே மரக்கறி வாங்கப் போனவர், கடைக்காரர் கேட்காமலே ஆரம்பித்தார்.

"நேற்று ரீவியிலை போனது என்ரை மகள் எழுதினது."

"சீன நாடகமோ அண்ணை?"

"ஓம், கதை சீனக் கதை. அதிலை பேசுற பேச்சு முழுக்க இவளின்ரை."

வேறு நாளென்றால் சுபாங்கி, "அப்பா, போதும்" என்று இழுத்துக்கொண்டு போயிருப்பாள். அன்றைக்குக் கத்தரிக்காயைத் தெரிந்தெடுத்தபடி, அவர் முழுக்கச் சொல்லி முடிக்கும்வரை நின்றாள்.