நிறைந்திருக்கிறது

பின்னாளில் சில நாட்டு அரசுகளுக்கும் இரண்டு மத்திய வங்கிகளுக்கும் ஆலோசனை சொல்லிச் சம்பளம் வாங்கியவன் நான். மேடையில் என்னை அறிமுகப்படுத்துகிறவர்கள் அந்தப் பட்டியலை வாசிக்கும்போது உள்ளூரக் கூசும். எண்பதுகளின் தொடக்கத்தில், சொந்த ஊரான சங்கரன்கோவிலைச் சுற்றியுள்ள ஊர்களுக்காக நான் சொன்ன முதல் ஆலோசனை அந்தப் பட்டியலில் இருக்காது.

அப்போது சென்னையில் மாநில அரசுக்கு ஆலோசனை சொல்லும் குழுவில் நான்தான் இளையவன். இரண்டு வருஷமாக மழை இல்லை. குருவிகுளம், திருவேங்கடம், பனவடலிசத்திரம் பக்கத்துக் கரிசல் ஊர்களில் கண்மாய் தூர்வாரும் நிவாரண வேலை நடந்துகொண்டிருந்தது. கூலியை அரிசியாகக் கொடுத்தார்கள். அதைத் தொடர்வதா, நிறுத்திவிட்டு அரிசியை வேறு மாவட்டத்துக்கு அனுப்புவதா என்று நாங்கள் சொல்ல வேண்டும். கல்லூரி மாணவர்கள் வீடு வீடாகக் கேட்டு எழுதிய படிவங்கள் என் மேஜைக்கு வந்தன. 'வீட்டில் தானியம் இருக்கிறதா?' என்ற கேள்விக்கு நேரே, படிவத்துக்குப் படிவம், அழகான தமிழில் 'நிறைந்திருக்கிறது' என்று இருந்தது. போதுமான இருப்பு என்று அட்டவணை போட்டேன். வேலையை நிறுத்தலாம் என்று குறிப்பு எழுதிக் கையெழுத்தும் போட்டேன். அந்தப் பக்கத்துக்காரனே சொல்கிறான் என்று மேலதிகாரி மறுபேச்சில்லாமல் ஏற்றுக்கொண்டார். வியாழக்கிழமை மதியம் மூன்று மணிக்கு அமைச்சர் முன்னால் கூட்டம். நான் பெரிதாகச் சாதித்துவிட்ட மிதப்பில் லீவு போட்டுவிட்டு ஊருக்கு ரயிலேறினேன்.

வியாழக்கிழமை காலை அண்ணன் வீட்டில் காப்பி குடித்துக்கொண்டிருந்தேன். மதினி அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்தாள்.

"கொழுந்தனாரே, பருப்பு நெறைஞ்சிட்டு. சும்மாதான இருக்கிய, கடையில அரைக் கிலோ வாங்கிட்டு வாரியளா?"

பையை வாங்கிக்கொண்டு இறங்கினேன். தெருமுனையில் கால் நின்றுவிட்டது. எங்கள் பக்கத்துப் பெண்கள் வீட்டில் ஒரு பொருள் தீர்ந்துவிட்டது என்று வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். இல்லை என்று சொன்னால் இல்லாமை வீட்டிலேயே தங்கிவிடும் என்று பயம். தீர்ந்துபோனதைத்தான் நிறைந்துவிட்டது என்பார்கள். பிறந்ததிலிருந்து காதில் விழுந்த சொல். அதையே காகிதத்தில் பார்த்ததும் என் படித்த மண்டை அகராதி அர்த்தம் எடுத்துக்கொண்டது.

ஆனால் யார் வீட்டிலாவது உண்மையிலேயே நிறைந்திருந்தால்? சந்தேகத்தை மட்டும் சொல்லி அரசாங்கக் கூட்டத்தை நிறுத்த முடியாது. பருப்புப் பையோடு குருவிகுளம் பஸ்ஸில் ஏறினேன். ஊர் ஓரத்து வீடு ஒன்றில் நாற்பது வயதுப் பெண் ஒருத்தி வாசலில் முள் விறகு ஒடித்துக்கொண்டிருந்தாள். அரசாங்கத்திலிருந்து வருகிறேன் என்று சொல்லி, தானியம் இருக்கிறதா என்று கேட்டேன்.

"நெறைஞ்சிருக்கு அண்ணாச்சி."

"பானையப் பாக்கலாமாம்மா?"

ஒரு வீட்டுப் பெண்ணிடம் கேட்கக் கூடாத கேள்வி. விறகைக் கீழே போட்டாள். உள்ளே போய்ப் பானையை எடுத்துவந்து என் முன்னால் சாய்த்துக் காட்டினாள். ஒன்றுமில்லை.

"போன மாசம் படிக்கிற பயலுவ வந்து கேட்டானுவ. அவனுவ பானையக் காட்டுன்னு சொல்லல," என்றாள். இன்னும் மூன்று வீடுகள் பார்த்தேன். மூன்றிலும் பானை காலி.

சங்கரன்கோவில் தபாலாபீசுக்குத் திரும்பும்போது மணி ஒன்று. சென்னைக்கு அவசர டிரங்க் கால் பதிந்தேன். "லைன் கிடைக்கல சார், இங்கன இருங்க," என்றார் போஸ்ட்மாஸ்டர். இரண்டு மணி. இரண்டேகால். அவர் மேஜைக்கு நான் நாலாவது முறை போனபோது முறைத்தார். இரண்டே முக்காலுக்கு மேலதிகாரியின் குரல் கேட்டது.

விஷயத்தைச் சொன்னேன். "நிறைஞ்சிருக்குன்னா காலின்னு அர்த்தமா? அமைச்சர் முன்னாடி சொன்னா சிரிப்பாங்கய்யா," என்றார்.

"சிரிக்கட்டும் சார்."

"கையெழுத்து உன்னோடது. தப்புன்னு எழுதினா உன் பேர்லதான் எழுதணும். வேலைக்கே ஆபத்து. ஒரு வாரம் கழிச்சுத் திருத்தம் அனுப்பிக்கலாமே?"

மறைக்காமல் சொல்கிறேன், ஒரு கணம் ஆசையாகத்தான் இருந்தது. யாருக்கும் தெரியாமல் சரிசெய்துவிடலாம். ஆனால் அந்தப் பெண் பானையைச் சாய்த்த கை கண்ணை விட்டுப் போகவில்லை.

"என் பேர்லயே எழுதுங்க சார்," என்றேன்.

குறிப்பு திரும்பப் பெறப்பட்டது. திட்டு வாங்கினேன், வேலை தப்பியது. குருவிகுளத்திலும் திருவேங்கடத்திலும் கண்மாய் வேலை தொடர்ந்தது.

பனவடலிசத்திரத்தில் மட்டும் தொடரவில்லை. என் குறிப்பின் நகல் முன்கூட்டியே கைமாறி, யாரோ ஓர் அதிகாரி முந்திக்கொண்டு அங்கே வேலையை நிறுத்தியிருந்தார். மறுபடி தொடங்கப் பதினோரு நாள் ஆனது. பல மாதங்கள் கழித்துக் கோப்பில்தான் பார்த்தேன். மக்களுக்குப் பாதிப்பு எதுவும் இல்லை என்று அதில் ஒரு வரி எழுதியிருந்தது.

ஊருக்குப் போகும்போதெல்லாம் அங்கே போய், அந்தப் பதினோரு நாள் என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்க நினைப்பேன். பஸ் ஏறினால் சீக்கிரம் போய்விடலாம். இதுவரை ஏறவில்லை. எங்களுக்கு ஒரு குறையும் இல்லை அண்ணாச்சி என்று அவர்கள் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டால் நான் என்ன செய்வேன்?