கூட்டம் அக்கா

டப்பிங் அறையில் அவரை எல்லோரும் ‘கூட்டம் அக்கா’ என்றுதான் கூப்பிடுவார்கள். பதினெட்டு ஆண்டுகளாகக் திரையில் வரும் கூட்டத்துக்கு மட்டுமே குரல் கொடுத்து வருகிறார். தனி வசனம் ஒன்றுகூடக் கிடைத்ததில்லை.

அன்று கடற்கொள்ளையர் பற்றிய அனிமே என்னும் ஜப்பானியக் கார்ட்டூன் தொடருக்கு டப்பிங் ஓடிக்கொண்டிருந்தது. பாட்டையே தடை செய்த கொடுங்கோல் அரசனிடம் தீவு மக்கள் முதன்முறையாக “மாட்டோம்!” என்று சொல்ல வேண்டும். ஐந்து பேர் ஐந்நூறு பேராகக் கத்தினார்கள். டப்பிங் இயக்குநருக்குத் திருப்தியில்லை. டேக் ஓகே ஆகும்வரை யாரும் தண்ணீர் குடிக்கக் கூடாது என்பது அவருடைய சட்டம்.

பதினான்காவது டேக் முடிந்தது. “என்னம்மா இது, ராஜாகிட்ட லீவு கேக்கிற மாதிரி இருக்கு? கோபம் எங்க?” என்றார்.

பயந்து நிற்பவர்களிடம் கோபத்தை உத்தரவு போட்டு வாங்க முடியாது. இயக்குநருக்கு அது தெரியவில்லை. அக்காவின் தொண்டைக்குத் தெரிந்துவிட்டது.

“தண்ணி குடிக்காம இனிமே கத்த மாட்டோம் சார். மாட்டோம்!”

“மாட்டோம்!” என்றார்கள் பின்னால் நின்ற நால்வரும்.

கண்ணாடிக்கு அப்பாலிருந்து ஒலிப்பதிவாளரின் குரல் வந்தது.

“சார், பதிவாயிடுச்சு. அக்காவோட கடைசி ‘மாட்டோம்’ படத்துல கூட்டத்துக்கு முன்னாடி நிக்கிற மீன்காரம்மா வாய்க்கு அப்படியே பொருந்துது. தனி வசனமாவே வெச்சுக்கலாமா?”

இயக்குநர் மூன்று முறை போட்டுக் கேட்டார். பிறகு சிரித்துக்கொண்டே வெளியே போய், தண்ணீர்க் கூஜாவைத் தானே தூக்கி வந்தார்.

“மொதல் டம்ளர் மீன்காரம்மாவுக்கு.”