கம்பியூட்டரில் அவர் பிறந்த நாடு

இத்தாலியின் பலெர்மோ நகரில், பொலிதேயாமா அரங்கின் பக்கம் நான் வேலை செய்த வீட்டுக் கிழவர் ஓகஸ்ட் வெயிலிலும் கழுத்துப்பட்டி கட்டாமல் கதவைத் திறக்கமாட்டார். அவர் பிறந்த எல்லையோர ஊரை, இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு இத்தாலியிடமிருந்து யூகோஸ்லாவியா எடுத்துக்கொண்டது. அந்த ஊரின் புதுப்பெயரை யாராவது சொன்னால், கைத்தடியால் நிலத்தில் தட்டித் திருத்துவார்.

யூகோஸ்லாவியாவும் உடைந்த பிறகு ஒருநாள், அடையாள அட்டை புதுப்பிக்க அவரைக் கூட்டிப்போனேன்.

“பிறந்த நாடு யூகோஸ்லாவியா எண்டு கம்பியூட்டர் காட்டுது,” என்றாள் அலுவலகப் பெண்.

“நான் பிறக்கேக்கை அது இத்தாலி. இப்ப குரோவேஷியா. யூகோஸ்லாவியா அங்கையிருந்து போயிட்டுது. கம்பியூட்டருக்கு ஒருத்தரும் சொல்லேல்லையோ?”

அவள் என் பக்கம் திரும்பி, “நீங்கள் இவருக்கு மொழிபெயர்க்க வந்தனீங்களோ?” என்று பணிவாகக் கேட்டாள்.

அவர் இத்தாலியர்தான் என்று யாழ்ப்பாணத்தானாகிய நான் விளங்கப்படுத்தி முடிக்க மத்தியானமாகிவிட்டது. கடைசியில், நாட்டின் பெயரை எழுதாமலே அட்டையைக் கொடுத்தார்கள்.

வெளியே வந்ததும் கிழவர் கேட்டார்: “உன்ர ஊர் எந்த நாட்டிலை?”

“அதுக்குத்தான் சிக்னோர், அங்கை சண்டை நடக்குது.”

“அப்ப உன்ர பிறப்புச் சான்றிதழிலை ரெண்டு பிரதி எடுத்து வை.”

முகத்தில் சிரிப்பே இல்லை. பகிடி விட்டாரா, பரிதாபப்பட்டாரா என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. அன்று பின்னேரமே பிரதி எடுத்துவிட்டேன்.